அடேர் வளைவில் நின்றவள்

நெட்டா கல்யாணமாகி அடேர் வீட்டுக்கு வந்து எட்டு வாரம் ஆகியிருந்தது. ஒரு சனிக்கிழமை காலை போலீஸ்காரர் ஒருவர் சைக்கிளில் வந்து, பத்து மணியிலிருந்து மாலை ஆறு மணிவரை வாசலைத் தாண்டிக் கால் வைக்கக் கூடாது என்று சொன்னார். அவள் கொடுத்த தேநீரைக் குடித்துவிட்டுப் போய்விட்டார்.

"நாம என்ன தப்பு பண்ணோம்?" என்று கணவனைக் கேட்டாள் நெட்டா.

"எங்கப்பா தப்பான இடத்துல வீடு கட்டிட்டாரு," என்றான் வெஸ்லி. "கோழிங்களைப் பிடிச்சு உள்ள போடு. போன வருஷம் ரெண்டு போச்சு."

அது 1956. வட அயர்லாந்தின் டைரோன் மாவட்டத்து டிரம்லாராவில், யுத்தம் முடிந்த மறு வருஷமே மோட்டார் சைக்கிள் பந்தயம் தொடங்கிவிட்டது. அதற்கென்று யாரும் தனியாகத் தடம் போடவில்லை. பால் லாரி மெக்கானிக்குகளும் விவசாயிகளும் ஒரு மருந்துக்கடைக்காரரும் சேர்ந்து சங்கம் வைத்தார்கள். வருஷத்தில் ஒரு சனிக்கிழமை ஊர்ச் சாலைகளை அடைத்துக்கொள்ள அரசாங்கத்திடம் அனுமதி வாங்கினார்கள். ஏழு மைல் சுற்று. தேவாலயச் சந்திப்பில் கிளம்பி, ஒன்றரை மைல் நேர்ச்சாலையில் இறங்கி, அடேர் வீட்டு வாசலில் வலப்பக்கம் சட்டென்று திரும்பும். அங்கிருந்து மேடேறி, கில்காரன் கிராமத்துக்குள் புகுந்து, பின்பக்கமாகச் சுற்றி மறுபடி சந்திப்புக்கு வரும். மற்ற நாட்களில் அதே சாலையில் மாடு போகும், பால் வண்டி போகும், சவ ஊர்வலம் போகும்.

நெட்டா பிறந்த வீடு பன்னிரண்டு மைல் தள்ளி இருந்தது. அப்பா சபையில் மூப்பர். பந்தயம் என்பது உயிரைக் கொடுத்த கடவுளிடமே சவால் விடுவது என்று கேட்டு வளர்ந்தவள். அன்றைக்குச் சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு சோடா ரொட்டிக்கு மாவு பிசைந்தாள். முதல் வண்டி வந்தபோது அலமாரியிலிருந்த தட்டுகள் கிலுகிலுத்தன. மாவுக் கையோடு மேசையைப் பிடித்துக்கொண்டாள். இரண்டாவது பந்தயம் தொடங்குவதற்குள் தட்டுகளை இறக்கித் தரையில் கம்பளி விரித்து அடுக்கிவிட்டாள். மூன்றாவது பந்தயத்தின்போது, தன்னையறியாமல், அடுத்த வண்டி எந்த இடத்தில் பிரேக் பிடிக்கும் என்று காத்திருந்தாள்.

நேர்ச்சாலையில் ஒரே இழுப்பாக வரும் சத்தம், வீட்டுக்கு இருநூறு கஜம் முன்னால் உடையும். கியர் ஒன்று குறையும், இன்னொன்று குறையும், இன்னொன்று. பிறகு ஒரு மூச்சளவு அமைதி. வண்டி சாய்ந்திருக்கும் நேரம் அது. அப்புறம் மேட்டைப் பார்த்து மறுபடி முறுக்கிக்கொண்டு போகும். கண்ணால் எதையும் பார்க்காமலே இவ்வளவும் அவளுக்குப் பிடிபட்டுவிட்டது.

மாலையில் சாலை திறந்ததும் வெஸ்லியிடம் சொன்னாள்: "ஏழாவதா வந்துட்டிருந்தானே ஒருத்தன், அவன் கடைசி கியரைக் குறைக்காமலே திரும்பறான். எங்கயாவது விழுவான்."

"நீதான் வெளியவே வரலையே."

"காது வெளியதானே இருந்துச்சு."

அந்த ஏழாவது ஆள் கடைசிச் சுற்றில் கில்காரனில் முள்வேலிக்குள் விழுந்து மூக்கை உடைத்துக்கொண்டிருந்தான். வெஸ்லி இதை ஒரு மாதம் ஊரெல்லாம் சொல்லித் திரிந்தான். அடுத்த வருஷம் வளைவில் நின்று எச்சரிக்கைக் கொடி பிடிக்க வந்தவர்களுக்கு அவளே தேநீர் கொண்டுபோனாள். அதற்கடுத்த வருஷம் வீட்டுச் சுவரோரம் நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். அப்பாவுக்கு மட்டும் எழுதவில்லை.

வீட்டு வாசலில் இரண்டு கல் தூண்கள் இருந்தன. உருண்டையாக, ஆள் உயரத்துக்கு, தலையில் கூம்பு வைத்து, வெஸ்லியின் அப்பா கட்டியவை. அந்தப் பக்கத்துப் பண்ணை வீடுகள் எல்லாவற்றிலும் அப்படித்தான் இருக்கும். ஆனால் அடேர் வீட்டின் இடது தூண் சாலையிலிருந்து ஒரு முழம்கூடத் தள்ளி இல்லை. வளைவின் உள்முனையே அதுதான். வண்டிகள் வரும் பக்கத்தில் மட்டும் சங்கத்தார் வைக்கோல் கட்டுகளை அடுக்குவார்கள். சாலைப் பக்கம் அடுக்கினால் பாதையே குறுகிவிடும் என்று அதை அப்படியே விட்டுவிடுவார்கள். பந்தயத்துக்கு முந்தின வாரம் இரண்டு தூணுக்கும் சுண்ணாம்பு அடிப்பது நெட்டாவின் வேலையானது. பெல்ஃபாஸ்ட் பத்திரிகையில் வரும் படங்களில், சாய்ந்து போகும் வண்டிக்குப் பக்கத்தில் அந்த வெள்ளைத் தூண் பளிச்சென்று தெரியும். கீழே 'அடேர் வளைவு' என்று போட்டிருப்பார்கள். அவளுக்குக் குழந்தை இல்லை. அந்தப் படங்களை வெட்டி ஒரு பிஸ்கட் டப்பாவில் வைத்திருந்தாள்.

1973 வசந்தத்தில் ஒரு நாள் சங்கச் செயலாளர் ஹியூபர்ட் மெக்லேன் வந்தார். விதைக்கடை வைத்திருந்தவர், எப்போதும் டை கட்டியிருப்பார். வண்டிகளின் வேகம் கூடிக்கொண்டே போயிற்று. இடது தூணைப் பிரித்து எட்டடி உள்ளே தள்ளிக் கட்டிவிட வேண்டும், செலவு சங்கத்துடையது என்று பேச வந்திருந்தார். நெட்டாவிடம் அவர் அதைச் சொல்லவில்லை.

"வீட்டுக்காரர் இருக்காரா?"

"சந்தைக்குப் போயிருக்கார். என்ன விஷயம்?"

"பரவாயில்லை, அவர் வந்ததும் பேசிக்கறேன். ஆம்பளைங்க சமாச்சாரம், உங்களுக்கு எதுக்குத் தொந்தரவு."

அவள் தோளுக்கு மேலாகத் தூணைப் பார்த்துக்கொண்டே பேசினார். எழுதிக் கொண்டுவந்திருந்த காகிதத்தை மட்டும் கொடுத்துவிட்டுப் போனார். பதினேழு வருஷமாக அந்தத் தூணுக்குச் சுண்ணாம்பு அடித்தவள் அவள். அந்த வளைவில் எந்த வண்டி எப்போது தடுமாறும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லக்கூடியவளும் அவள்தான். வெஸ்லி வந்து காகிதத்தைப் படித்துவிட்டு மேசைமேல் வைத்தான்.

"உன் வாசல், உன் தூணு. உனக்கு எது சரின்னு தோணுதோ அதையே எழுதிடு."

அவள் மூன்று வரி எழுதினாள். தூண் குடும்பச் சொத்து. இருந்த இடத்திலேயே இருக்கும். வேறு யோசனை இல்லை. கையெழுத்தை 'நெட்டா அடேர்' என்று கொஞ்சம் பெரிதாகவே போட்டாள். ஹியூபர்ட் அதற்குப் பிறகு அதைப்பற்றி வாயைத் திறக்கவில்லை.

அந்த வருஷப் பந்தயம் ஒரு கீறலும் இல்லாமல் நடந்தது.

பந்தயக்காரர்களில் மாலகி டெவ்லின் என்று ஒருவன் வருவான். ஏரிக்கரைப் பக்கத்தில் டிராக்டர் பழுதுபார்க்கிறவன், முப்பது வயது, கத்தோலிக்கன். அடேர் குடும்பமோ புராட்டஸ்டண்ட். இரண்டு தரப்புக்கும் நடந்த சண்டையில், டைரோனில் அப்போது குண்டு வெடிக்காத வாரம் கிடையாது. எந்தத் தெருவில் நடக்கிறாய், எந்தப் பள்ளிக்கூடத்தில் படித்தாய் என்பதிலேயே ஆளை எடை போட்டுவிடுவார்கள். ஆனால் அந்த ஒரு சனிக்கிழமை மட்டும் வண்டி எண்ணைத் தவிர யாரும் யாரையும் எதுவும் கேட்பதில்லை. மாலகி காலைப் பயிற்சி முடிந்ததும் நேராக நெட்டாவின் சமையலறைக்கு வந்துவிடுவான்.

"மிசஸ் அடேர், உங்க தூணு போன வருஷத்தைவிட குண்டாயிருக்கே."

"வருஷா வருஷம் ஒரு பூச்சு ஏறுதுல்ல. உனக்கு என்ன சாக்கு?"

"எம் பொண்டாட்டி சமையல்," என்று வயிற்றைத் தட்டிக்கொள்வான். "உங்க ரொட்டியும் அதுல பங்கு."

1974 ஆகஸ்ட். மூன்றாவது பந்தயம், நான்காவது சுற்று. நெட்டா சுவரோரம் நாற்காலியில் இருந்தாள். மாலகி இரண்டாவதாக வந்துகொண்டிருந்தான். பிரேக் சரியான இடத்தில் பிடித்தான், கியர் மூன்றும் சரியாகக் குறைந்தன. பிறகு அந்த மூச்சளவு அமைதி வந்தது. அதன் நடுவில், அவள் அதுவரை கேட்டிராத, மரப்பலகையில் கை தட்டினதுபோல் ஒரு சின்னச் சத்தம். அவனுடைய வலது தோள் தூணில் இடித்திருந்தது. வண்டி எதிர்வேலியைத் தாண்டிப் போயிற்று. அவன் சாலையில் கிடந்தான். கொடிக்காரர்களுக்கு முன்னால் நெட்டாதான் ஓடிப்போய்ச் சேர்ந்தாள். ஆம்புலன்ஸ் வருவதற்குள் எல்லாம் முடிந்திருந்தது.

மறுநாள் ஞாயிறு. அந்த ஊரில் ஞாயிற்றுக்கிழமை, ஓய்வுநாள் என்று, துணிகூடக் கொடியில் காயப்போட மாட்டார்கள். காலை ஒன்பது மணிக்கு நெட்டா கொட்டகையிலிருந்து பெரிய சம்மட்டியை இழுத்துக்கொண்டு வந்து தூணை அடிக்க ஆரம்பித்தாள். தேவாலயத்துக்குப் போகும் கார்கள் ஒவ்வொன்றாக வளைவில் வேகம் குறைத்தன. உள்ளே தொப்பியும் கையுறையுமாக இருந்தவர்கள் ஒருமுறை பார்த்துவிட்டு முகத்தை நேராக வைத்துக்கொண்டார்கள். கூம்பின் ஒரு ஓரம்தான் உடைந்திருந்தது. அவள் உள்ளங்கை கிழிந்துவிட்டது.

வெஸ்லி கோட்டு சூட்டோடு, கையில் பாட்டுப் புத்தகத்தோடு வெளியே வந்தான். கொஞ்ச நேரம் நின்று பார்த்தான். புத்தகத்தைச் சன்னல் விளிம்பில் வைத்தான், கோட்டைக் கழற்றி அதன்மேல் போட்டான்.

"மேலேருந்து அடிச்சா கைதான் போகும்," என்றான். "அடிக்கல்லை அசைக்கணும். இப்படிக் கொடு."

மதியத்துக்குள் தூண் கற்குவியலாகிவிட்டது. அன்று இருவரும் ஆராதனைக்குப் போகவில்லை. புதன்கிழமை போதகர் வந்தார், தேநீர் குடித்தார், மழையைப்பற்றிப் பேசினார், போய்விட்டார்.

நான்கு வாரம் கழித்து ஒரு ஞாயிறு மதியம் வாசலில் ஒரு பழைய கார் வந்து நின்றது. ஓட்டிவந்தவர் இறங்கவே இல்லை. ஒரு பெண் மட்டும் இறங்கினாள். முப்பதுகூட இருக்காது, கறுப்புக் கோட்டு. மிச்சமிருந்த வலது தூணையே பார்த்துக்கொண்டு நின்றாள். நெட்டா கையைத் துடைத்துக்கொண்டு வெளியே போனாள்.

"இதுவா?" என்று கேட்டாள் அந்தப் பெண்.

"இல்ல. அது இப்ப இல்ல."

"நான் ரோஷீன் டெவ்லின். வர வழியில ரெண்டு இடத்துல பட்டாளத்துக்காரங்க நிறுத்தினாங்க. எங்க போறீங்கன்னு கேட்டாங்க. என்ன சொல்றதுன்னு தெரியல. டீ குடிக்கன்னு சொன்னேன்."

"அப்ப உள்ள வாங்க," என்றாள் நெட்டா. "பொய் சொன்னதா ஆயிடக்கூடாது."

ரோஷீன் முக்கால் மணி நேரம் இருந்தாள். இரண்டு பெண் குழந்தைகள், மூத்தவளுக்கு ஐந்து வயது. அவன் எங்கே விழுந்தான், யார் முதலில் போனார்கள், ஏதாவது பேசினானா என்று கேட்டாள். நெட்டா எல்லாவற்றையும் உள்ளபடி சொன்னாள். மூன்று வரிக் கடிதத்தை மட்டும் சொல்லவில்லை. சொல்ல வாயெடுத்தாள், அந்த நேரம் ரோஷீன் அவளுடைய கட்டுப்போட்ட கையைப் பார்த்து, "என்ன ஆச்சு?" என்றாள். "கல்லு கிழிச்சிடுச்சு," என்று சொல்லிவிட்டுக் கெண்டியை நிரப்பப் போனாள். திரும்பி வந்தபோது சொல்லும் நேரம் போய்விட்டிருந்தது.

ரோஷீன் அடுத்த வருஷமும் வந்தாள். பந்தயத்தன்று வரமாட்டாள். மறுநாள் ஞாயிறு, திருப்பலி முடிந்து, பூவோடு வருவாள். பூவை வேலியோரம் வைத்துவிட்டுத் தேநீர் குடிப்பாள். பிறகு கிறிஸ்துமஸ் சமயத்திலும் வர ஆரம்பித்தாள். பிள்ளைகளும் வந்தார்கள். 'மிசஸ் அடேர்' எப்போது 'நெட்டா' ஆனது என்று இருவருக்குமே ஞாபகமில்லை. வெஸ்லியின் ஒன்றுவிட்ட தங்கை மில்ட்ரெட் ஒருமுறை தேவாலய வாசலில் வைத்தே கேட்டுவிட்டாள்: "ஞாயித்துக்கிழமையும் அதுவுமா உங்க வீட்டுல அந்தப் பக்கத்து ஆளுங்களுக்கு விருந்தாமே?"

"உன்னையும் கூப்பிடறேன், மில்ட்ரெட். ஆனா நீ வந்தா ரொட்டி பத்தாது," என்றாள் நெட்டா. மில்ட்ரெட் பருமனான பெண். ஒரு வருஷம் பேசவில்லை.

தூண் போனதும் வளைவு எளிதாகிவிட்டது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். நடந்தது வேறு. சாய்வதற்கு அடையாளம் வைத்திருந்த வெள்ளை போய்விட்டதால் மறு வருஷம் நாலு பேர் விழுந்தார்கள். வைக்கோலில் விழுந்ததால் எலும்பு முறிவோடு போயிற்று. நெட்டா ஹியூபர்ட்டின் விதைக்கடைக்கே போனாள்.

"எனக்கு ஒரு கொடி வேணும்."

"எதுக்கு?"

"பிடிக்கத்தான். உங்க ஆளுங்க வண்டியைப் பார்த்துட்டுக் கொடி தூக்கறாங்க. பார்க்கற நேரத்துக்குள்ள லேட்டாயிடுது."

சங்கக் கூட்டத்தில் இரண்டு மணி நேரம் விவாதம் நடந்ததாம். பெண்பிள்ளை கொடி பிடித்தால் ஓட்டுகிறவன் கவனம் சிதறாதா என்று ஒருவர் கேட்டாராம். "நெட்டாவையா?" என்று வேறொருவர் கேட்க, சிரிப்பிலேயே தீர்மானம் நிறைவேறியது. 1976-லிருந்து அவள் வெள்ளைக் கோட்டுப் போட்டுக்கொண்டு வளைவில் நின்றாள்.

1979-இல் நடந்ததை டிரம்லாராவில் இன்றும் சொல்வார்கள். வளைவைத் தாண்டி மேட்டின் உச்சியில் சாலை ஒரு குதி குதித்து மறையும். அந்தப் பக்கம் என்ன இருக்கிறது என்று வளைவில் நிற்பவர்களுக்குத் தெரியாது. ஒரு வண்டி மேடேறிப் போயிற்று. உச்சியைத் தாண்டினதும் கேட்க வேண்டிய கியர் மாற்றம் கேட்கவில்லை. இடிக்கிற சத்தமோ உரசுகிற சத்தமோ எதுவும் இல்லை. வெறும் அமைதிதான். நெட்டா மஞ்சள் கொடியைத் தூக்கிவிட்டாள். பக்கத்தில் நின்றவர், "ஒண்ணும் தெரியலையே, நெட்டா," என்றார். "தெரியாது. கேக்கலைங்கிறதுதான் விஷயம்," என்றாள் அவள், கொடியை இறக்காமல். ஆறு வண்டிகள் வேகம் குறைத்து மேடேறின. உச்சிக்கு அந்தப் பக்கம் ஒருவன் நடுச்சாலையில் எழுந்திருக்க முடியாமல் கிடந்தான். ஆறு பேரும் அவனைச் சுற்றிக்கொண்டு போனார்கள்.

அவன் பிழைத்தான். சங்கத்தில் கைகுலுக்கினார்கள், பத்திரிகையில் அவள் படம் வந்தது. அதை வெட்டி டப்பாவில் போடவில்லை. ஒருவன் பிழைத்ததால் இன்னொருவன் கணக்கு தீர்ந்துவிடுமா என்று அவள் தன்னையே கேட்டுக்கொண்டாள். தீராது என்றுதான் தோன்றிற்று. ஆனாலும் கொடியைக் கீழே வைக்க மனம் வரவில்லை.

1985-இல் சங்கத்தார் மறு வருஷத்து நாற்பதாம் ஆண்டுக்காக டிரம்லாராச் சுற்றின் வரலாற்றைப் புத்தகமாகப் போட முடிவு செய்தார்கள். ஹியூபர்ட்டுக்கு அப்போது எழுபது வயது. பழைய கோப்புகளை ஒரு பெட்டியில் தூக்கிக்கொண்டு நெட்டா வீட்டுக்கு வந்தார். அடேர் வளைவைப்பற்றி அவள் ஒரு பக்கம் எழுதித் தர வேண்டும் என்றார். ரசீதுகள், அனுமதிக் கடிதங்கள், முதல் வருஷத்து வெற்றியாளர் பட்டியல் என்று ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டினார். கடைசியில் ஒரு உறையை மட்டும் தனியாக எடுத்து அவள் முன்னால் தள்ளினார்.

"இது புத்தகத்துல வராது. உங்ககிட்டே இருக்கட்டும்."

அவளுடைய மூன்று வரி. அந்தப் பெரிய கையெழுத்து.

"இத்தனை வருஷமா வெச்சிருந்தீங்களா?"

"தூக்கிப்போட முடியல," என்றார் ஹியூபர்ட். "அன்னிக்கு நான் உங்ககிட்டே உக்காந்து பேசியிருக்கணும். உங்க தலைக்கு மேல பேசிட்டுப் போயிட்டேன். அதுக்கப்புறம் இன்னொரு தடவை வந்து கேட்டிருக்கலாம். ரோஷமா இருந்துச்சு. கேக்கல."

நெட்டா உறையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். வெஸ்லி உள்ளே வந்து இருவரையும் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டான்.

அந்த வருஷப் பந்தயத்துக்கு மறுநாள் ரோஷீன் வந்தபோது, தேநீர் ஊற்றுவதற்கு முன்னாலேயே நெட்டா உறையை அவள் கையில் கொடுத்தாள்.

"முதல்ல இதைப் படி. அப்புறம் டீ வேணுமா வேண்டாமான்னு நீயே சொல்லு."

ரோஷீன் படித்தாள். மேலே இருந்த தேதியைப் பார்த்தாள். மறுபடி படித்தாள்.

"தள்ளி வெச்சுக்கறோம்னு அவங்க கேட்டாங்களா?"

"கேட்டாங்க."

"நீ மாட்டேன்னுட்டே."

"ஆமா. அந்தாளு என்னை மதிச்சுப் பேசலைன்னு. வேற காரணமே கிடையாது. தூணு மேல எனக்கு அப்படி ஒரு ஆசையும் இல்ல."

ரோஷீன் கடிதத்தை மடித்தாள், விரித்தாள், மறுபடி மடித்தாள். சன்னல் பக்கம் பார்த்துக்கொண்டுதான் பேசினாள்.

"ஒவ்வொரு வருஷமும் பந்தயம் முடிஞ்சு வீட்டுக்கு வந்தா அவரோட தோல் சட்டையில, வலது தோள்ல, சுண்ணாம்பு இருக்கும். இங்கேருந்து இவ்வளவு தூரத்துக்கு." ஒரு விரல் நீளம் காட்டினாள். "தூணை உரசிட்டுப் போறது அவருக்குப் பெருமை. மத்தவங்க யாராலயும் அவ்வளவு கிட்டே போக முடியாதாம். மிசஸ் அடேர் முத்தம் கொடுத்து அனுப்பினாங்கன்னு சிரிப்பாரு. நான் ஈரத் துணியை எடுத்துத் துடைச்சு விடுவேன். போகாதீங்கன்னு ஒரு தடவைகூடச் சொன்னதில்ல. நானும் சிரிச்சேன்."

நெட்டா கெண்டியை அடுப்பிலிருந்து இறக்கிவைத்தாள்.

"அதனால உன் மேல கோபப்பட எனக்கு அவ்வளவா வழியில்ல," என்றாள் ரோஷீன். "தூணு விஷயத்துல இல்ல. ஆனா பதினோரு வருஷமா இந்த மேசையில உக்காந்து டீ குடிச்சிருக்கேன், நெட்டா. எம் பிள்ளைங்க குடிச்சிருக்கு. முதல் நாளே சொல்லியிருக்கலாம் நீ."

"சொல்லியிருக்கலாம்."

"சொல்லியிருந்தா நான் திரும்ப வந்திருக்க மாட்டேன்."

"அதனாலதான் சொல்லல."

ரோஷீன் எழுந்தாள். கடிதத்தை மேசையிலேயே விட்டுவிட்டுக் கோட்டை மாட்டிக்கொண்டாள். தேநீர் ஊற்றப்படவே இல்லை.

கிறிஸ்துமஸுக்கு அவள் வரவில்லை. மறு ஆகஸ்டில் நாற்பதாம் ஆண்டுப் பந்தயம் பாண்டு வாத்தியத்தோடு நடந்தது. மறுநாள் ஞாயிறு நெட்டா இரண்டு ரொட்டி சுட்டுவைத்துவிட்டு மாலைவரை காத்திருந்தாள். யாரும் வரவில்லை. புத்தகத்தில் அவள் எழுதின பக்கம் வெளியாகியிருந்தது. அதில் கடிதத்தைப்பற்றி நாலு வரி எழுதியிருந்தாள், யார் எழுதியது என்று பெயரோடு. ஹியூபர்ட் வேண்டாம் என்று எவ்வளவோ சொல்லியும் எடுக்கவில்லை. மில்ட்ரெட் அதைப் படித்துவிட்டு, "இதையெல்லாம் எதுக்கு ஊருக்குச் சொல்லணும்?" என்று கேட்டாள். "ஊருக்குச் சொல்லல. ஊரு வழியா ஒருத்திக்குச் சொன்னேன்," என்றாள் நெட்டா.

1987 பந்தயத்தன்று, இரண்டாவது பந்தயத்துக்கு முன், ரோஷீன் வேலியோரமாக நடந்து வந்தாள். பந்தயத்தன்று அவள் அங்கே வந்தது அதுதான் முதல் தடவை. கையில் அந்தப் புத்தகம் இருந்தது.

"எம் பொண்ணு வாங்கிட்டு வந்தா," என்றாள். "உனக்கு எழுத்துப்பிழை ரொம்ப வருது."

"பதினாலு வயசோட பள்ளிக்கூடம் நின்னுடுச்சு. எங்கே நிக்கப்போறே?"

"எங்க நின்னா நல்லா தெரியும்?"

"தெரியறதை விடு. இங்க நில்லு, கேளு."

ரோஷீன் அவள் பக்கத்தில் நின்றாள். முதல் வண்டி வந்தபோது இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள். ஐந்தாவது வண்டிக்குக் கையை எடுத்தாள்.

வெஸ்லி 1994-இல் போனான், தூக்கத்திலேயே. அவன் இருந்தவரை கார் ஓட்டுவது அவன் வேலையாக இருந்தது. அறுபத்தொரு வயதில் நெட்டா ஓட்டக் கற்றுக்கொண்டாள். இரண்டு முறை தேர்வில் தோற்றாள். இரண்டு முறையும் காரணம் மெதுவாகப் போனது. "நாப்பது வருஷமா பந்தயம் பார்த்தவங்க, இப்படியா?" என்று தேர்வாளர் கேட்டாராம். "அதனாலதான்," என்றாளாம்.

2001-இல் மாடுகளுக்குக் கோமாரி பரவியது. பண்ணை வாசல்களில் எல்லாம் மருந்தில் நனைத்த வைக்கோலைப் பரப்பினார்கள். அந்த வருஷம் பந்தயம் கிடையாது என்று சங்கம் அறிவித்தது. ஒரு வருஷத்துக்குத்தான் என்று சொன்னார்கள். ஆனால் காப்பீட்டுக்காரர்கள் கேட்ட தொகை ஏற்கெனவே சங்கத்தின் மூச்சை முட்டிக்கொண்டிருந்தது. ஹியூபர்ட் இறந்து ஐந்து வருஷமாயிற்று. புதிதாகப் பொறுப்பெடுக்க யாருக்கும் தெம்பில்லை. டிரம்லாராவில் பிறகு பந்தயம் நடக்கவே இல்லை.

அந்த செப்டம்பரில் ஒரு நாள் ரோஷீன் வந்திருந்தபோது நெட்டா சாதாரணமாக ஒன்று சொன்னாள். கில்காரனில் தேவாலயம் சாலைக்கு எந்தப் பக்கம் இருக்கிறது என்று தனக்குத் தெரியாது என்றாள்.

ரோஷீன் கோப்பையைக் கீழே வைத்தாள். "என்ன சொல்றே? இங்கேருந்து மூணு மைலு."

"போனதே இல்லையே. எங்க சபை இந்தப் பக்கம், கடை இந்தப் பக்கம், சந்தை இந்தப் பக்கம். மேட்டுக்கு அந்தப் பக்கம் எனக்கு யாரு இருந்தா? பந்தயத்தன்னிக்கு ரோட்டை அடைச்சிடுவாங்க. மத்த நாளு..." மற்ற நாட்களில் அந்தக் கத்தோலிக்கக் கிராமத்துக்குள் அடேர் வீட்டுக் கார் போவதில்லை. அங்கிருந்து இங்கும் அப்படித்தான்.

"அப்ப நாப்பத்தஞ்சு வருஷமா ஒரு வளைவை மட்டும் பார்த்திருக்கே."

"மிச்சத்தைக் கேட்டிருக்கேன்."

"சாவியை எடு," என்றாள் ரோஷீன்.

நெட்டா வண்டியை எடுத்தாள். வளைவிலிருந்து மேடேறினாள். உச்சியில் கார் மெல்லத் தூக்கிப் போட்டது. அந்தப் பக்கம் சாலை அவள் நினைத்திருந்ததைவிடக் குறுகலாக இருந்தது. இருபுறமும் முள்வேலி, அதில் பிளாக்பெர்ரி பழுத்துத் தொங்கியது. இங்கேதான் கியர் மாறும், அப்புறம் ஒரு நீளமான இழுப்பு வரும், அப்புறம் சத்தம் இடப்பக்கம் ஒதுங்கும் என்று அவள் முணுமுணுத்துக்கொண்டே ஓட்டினாள். சாலையும் அவள் சொன்னபடி வளைந்து கொடுத்தது. ஒரு பாலம் மட்டும் அவள் கணக்கில் இல்லை. "இது எங்கேருந்து வந்துச்சு?" என்றாள், யாரோ நேற்று கட்டிவிட்டதைப்போல. கில்காரனில் தேவாலயம் வலப்பக்கம் இருந்தது. அதன் எதிரில் ஒரு கடை. ரோஷீன் இறங்கிப்போய் இரண்டு ஐஸ்கிரீம் வாங்கி வந்தாள். கடைக்காரர் வாசலுக்கே வந்து, கண்ணைச் சுருக்கி, காருக்குள் பார்த்தார்.

"அடேர் வளைவு கொடிக்காரம்மாதானே நீங்க?"

"ஆமா."

"ஒரு தடவை எனக்கு மஞ்சக் கொடி காட்டினீங்க. ஒன்னுமில்லாததுக்குக் காட்டறாங்கன்னு திட்டிட்டே போனேன்."

"எந்த வருஷம்?"

"எழுபத்தொம்பது. ஆறு பேர்ல நான் மூணாவது." அவர் ஐஸ்கிரீமுக்குக் காசு வாங்கவில்லை.

அங்கிருந்து சந்திப்புக்குத் திரும்பும் வழியில் புல் ஏற்றிய டிராக்டர் ஒன்று முன்னால் போய்க்கொண்டிருந்தது. முந்த இடமில்லை. இருந்தாலும் நெட்டா முந்தியிருக்க மாட்டாள். இந்தச் சுற்றில் மிக விரைவான நேரம் நான்கு நிமிடம் பதினோரு வினாடி என்று ரோஷீன் ஞாபகப்படுத்தினாள்.

"நாம கிளம்பி எவ்வளவு நேரம் ஆச்சு?"

"ஐம்பது நிமிஷம்."

"ஐஸ்கிரீமுக்குப் பத்து நிமிஷம் கழிச்சுக்கோ," என்றாள் நெட்டா. டிராக்டர் மெதுவாக ஒரு வயலுக்குள் திரும்பும்வரை அதன் பின்னாலேயே போனாள்.